உள்ளே படம் மட்டும்

சாலை வேலைக்காகப் பூட்டானில் மூன்று வருடம் டோசர் ஓட்டினேன். உச்சிப்புளிக்காரனுக்கு அந்தக் குளிர் கடைசிவரை ஒத்துக்கொள்ளவில்லை. லீவு நாளில் திம்புவில் இருக்கும் நினைவு சோர்ட்டனுக்குப் போய் வெயில் காய்வேன். சோர்ட்டன் என்றால் ஸ்தூபி. வெள்ளைச் சுவர், பொன்முடி, எங்கு பார்த்தாலும் புறா. கிழவிகள் விடிந்ததும் சோறும் பிளாஸ்க்குமாக வந்துவிடுவார்கள். கையில் மந்திரச் சக்கரத்தைச் சுழற்றிக்கொண்டு பொழுது சாயும்வரை வலம் வருவார்கள்.

ஏதோ ராஜாவின் சமாதி என்றுதான் நினைத்திருந்தேன். சமாதியே இல்லையாம். மூன்றாவது மன்னர் ஜிக்மே டோர்ஜி வாங்சுக் 1972-ல் நைரோபியில் இறந்துபோனார். ஒரு சோர்ட்டன் எழுப்ப வேண்டும் என்பது அவருடைய ஆசை. 1974-ல் அதைக் கட்டியவர் அவருடைய அம்மா, அஷி புன்ட்ஷோ சோடென். உள்ளே எலும்பு, சாம்பல் எதுவும் கிடையாது. மகனின் படம் மட்டும்தான்.

அந்த அம்மா 1911-ல் பிறந்தவர். அவரும் தங்கையும் ஒரே மன்னருக்கு, ஜிக்மே வாங்சுக்குக்கு, வாழ்க்கைப்பட்டவர்கள். கணவர் 1952-ல் போனார். இருபது வருடத்தில் மகனும். அதற்கப்புறம் 31 வருடம் இருந்து, 2003-ல்தான் கண்ணை மூடினார். மருமகள் கேசாங் சோடெனும் கோயில் கட்டியவர்தான். பாரோவின் பழைய கிச்சு கோயிலுக்குப் பக்கத்தில் 1968-ல் எழுந்த சந்நிதி அவருடையது. இருந்தாலும் என் மனசு மாமியாரிடம்தான் நின்றது.

சோர்ட்டனுக்குள் மூன்று தளம். கீழ்த்தளத்தில் ஃபுர்பா, குத்துவாள் சாமி. கோரைப்பல்லும் உருட்டி விழித்த கண்ணுமாக, நம்ம ஊர் கருப்பசாமிக்குச் சொந்தக்காரர் மாதிரி இருந்தார். எனக்குப் பயம் வரவில்லை. படத்தின் முன்னால்தான் கால் நகரவில்லை.

எங்கள் பெரியப்பாவுக்குப் படம்கூடக் கிடையாது. 1964 டிசம்பர் 22 ராத்திரி புயலில் தனுஷ்கோடியில் போனவர். உடம்பு கிடைக்கவில்லை. அப்பத்தா ஒவ்வொரு ஆடி அமாவாசைக்கும் ராமேஸ்வரம் சாலையோரப் பூவரசு மரத்தடியில் தண்ணீர்ப் பானை வைக்கும். கிணற்றுத் தண்ணீர் உவர்ப்பு. அதை ஊற்றினால் மகன் பெயர் கெட்டுவிடும் என்று பிடிவாதம். மணலில் ஊற்றுத் தோண்டி, நல்ல தண்ணீர் கசியக் கசியச் சிரட்டையால் மொண்டு குடத்தில் ஊற்றும். ஒரு குடம் நிறைய ஒரு மணி நேரம் ஆகும்.

ஒருநாள் திம்புக் கிழவி ஒருத்தி பிளாஸ்க்கிலிருந்து டீ ஊற்றிக் கொடுத்தாள். வெண்ணெயும் உப்பும் போட்ட டீ. வாயில் வைத்ததும் எங்கள் கிணற்றுத் தண்ணீர்தான் ஞாபகம் வந்தது. சிரித்துக்கொண்டே இரண்டாவது கோப்பையும் ஊற்றிவிட்டாள். குடித்துவிட்டு அவளோடு ஒரு சுற்று வந்தேன்.