ஏப்ரன் கோடுகளைப் படிக்கும் முறை: உள்தள ஓட்டுநர் தேர்வுக்குத் தயாராவோருக்கு

சாங்கி விமான நிலையத்தின் உள்தளத்தில், அதாவது விமானங்கள் நிற்கும் ஏப்ரன், அவை ஊர்ந்து செல்லும் டாக்ஸிவே, ஓடுபாதை ஆகியவை உள்ள பகுதியில், வாகனம் ஓட்டுவதற்கான தியரி தேர்வுக்குப் படிக்கும் தம்பிகள் பலர், கோடுகளை நிறம் நிறமாக மனப்பாடம் செய்கிறார்கள். எனக்குக் கைகொடுத்தது வேறு முறை. எந்தக் கோடானாலும், அது யாருக்காகப் போடப்பட்டது, எந்தப் பக்கத்திலிருந்து அதைப் பார்க்கிறோம் என்று முதலில் கேட்டுக்கொள்வேன்.

டாக்ஸிவேயின் மஞ்சள் கோடுகள் விமானிக்கு உரியவை. நம் வீதிகளில் இரட்டை மஞ்சள் கோடு என்றால் எந்நேரமும் வாகனம் நிறுத்தக் கூடாது என்று பொருள்; இங்கோ, அதற்கு அப்பாலுள்ள தளம் விமானத்தின் எடையைத் தாங்காது என்பதைக் காட்டும் எல்லை அது. சிங்கப்பூர் லைசென்ஸ் வைத்திருப்பவர்கள் இதைத் தனியாகக் குறித்துக்கொள்வது நல்லது.

தேர்வுக்கு மட்டுமன்றி வேலைக்கும் மிக முக்கியமானது ஓடுபாதைக்கு முன்னுள்ள நிறுத்தக் குறி. அதில் இரண்டு முழுக் கோடுகளும் இரண்டு விட்டுவிட்டுப் போட்ட கோடுகளும் இருக்கும். முழுக் கோடு நம் பக்கம் இருந்தால், கட்டுப்பாட்டுக் கோபுரத்தின் அனுமதியின்றி ஓரடிகூட நகரக் கூடாது. விட்டுவிட்டுப் போட்ட கோடு நம் பக்கம் இருந்தால், நாம் ஓடுபாதையிலிருந்து வெளியேறுகிறோம், நிற்காமல் கடந்துவிட வேண்டும். படத்தைக் காகிதத்தில் வரைந்து, தாளைத் திருப்பித் திருப்பிப் பார்த்தால் இது எளிதில் பிடிபடும்.

விமானம் நிற்கும் இடத்தை (ஆங்கிலத்தில் bay) சுற்றிப் பொதுவாகச் சிவப்பில் போடப்படும் கோடு நமக்கானது. விமானம் நின்று, இன்ஜின் அணைந்து, சிவப்புச் சுழல்விளக்கும் அணைந்து, சக்கரங்களுக்குச் சாக் (உருளாமல் தடுக்கும் கட்டை) வைக்கும்வரை வண்டியும் கருவிகளும் அதற்கு வெளியேதான் இருக்க வேண்டும். அங்கே விமானத்துக்கும் அருகிலுள்ள பொருள்களுக்கும் இடையே, ஏ320 அளவு விமானங்களுக்கு 4.5 மீட்டரும், ஏ350 போன்றவற்றுக்கு 7.5 மீட்டரும் குறைந்தபட்ச இடைவெளியாக ஐகாவோவின் (சர்வதேச சிவில் விமானப் போக்குவரத்து அமைப்பு) 14ஆம் இணைப்பு வகுத்திருக்கிறது. கோட்டைத் தாண்டி நிறுத்திய ஒரு டிராலி அந்த இடைவெளியைத்தான் தின்றுவிடுகிறது.

பலகைகளில் அதிகம் குழப்பம் இல்லை: சிவப்பில் வெள்ளை எழுத்து கட்டளை, கறுப்பில் மஞ்சள் எழுத்து நாம் நிற்கும் இடம், மஞ்சளில் கறுப்பு எழுத்து போகும் திசை.

விளக்குகளையும் சேர்த்தே படியுங்கள், ஏனெனில் இரவு மழையில் பெயின்ட் கண்ணுக்குத் தெரிவதில்லை. டாக்ஸிவேயின் ஓரம் நீலம், நடுக்கோடு பச்சை. குறுக்கே வரிசையாகச் சிவப்பு எரிந்தால், கடக்க ரேடியோவில் அனுமதி கிடைத்திருந்தாலும், அது அணையும்வரை நின்று கோபுரத்திடம் மீண்டும் கேட்க வேண்டும்.