வளவுக்குள் விழும் வெயில்

செட்டிநாட்டு வீட்டில் முதல் தடவை படம் எடுக்க வரும் ஒளிப்பதிவாளர்கள் பெரும்பாலும் லைட் லிஸ்ட்டோடுதான் இறங்குகிறார்கள். பெரிய ஹெச்எம்ஐ லைட் எத்தனை, சின்ன பேபி லைட் எத்தனை, ஜெனரேட்டர் எங்கே நிற்கும் என்பதெல்லாம் சென்னையிலேயே முடிவாகியிருக்கும். இங்கே முதலில் கேட்க வேண்டியது வேறு: இது எந்த மாதம், வளவுக்குள், அதாவது வீட்டு நடு முற்றத்துக்குள், வெயில் எத்தனை மணிக்கு வரும், எந்தத் தூணில் ஏறும்?

நான் காரைக்குடிப் பக்கத்துக்காரன். சினிமாவில் கேமரா உதவியாளனாகச் சேர்ந்து, சீரியலுக்குப் போய், மறுபடியும் சினிமாவுக்கு வந்தவன். கானாடுகாத்தான், பள்ளத்தூர் வீடுகளில் பலமுறை வேலை செய்ததில் எனக்குப் பிடிபட்டது ஒன்றுதான். இந்த வீட்டைக் கட்டியவர்களே லைட்டிங்கையும் பாதி செய்து வைத்துவிட்டார்கள். நம் வேலை அதைக் கெடுக்காமல் இருப்பது.

சித்திரை பிறந்த சமயத்தில் நடுப்பகல் சூரியன் இந்த ஊர்களுக்கு ஏறக்குறைய நேர் மேலே நிற்கும். வெயில் முற்றத்துத் தரையில் செங்குத்தாக விழுந்து, அங்கிருந்து எழும்பி, முற்றத்தைச் சுற்றியுள்ள சுற்றுக்கட்டில் உட்கார்ந்திருப்பவர் முகத்தில் கீழேயிருந்து படும். வயதான முகத்துக்கு அது அருமையான வெளிச்சம். கண்ணுக்குக் கீழே விழும் குழி நிழலை அது தானாகவே நிரப்பிவிடும், வெளிச்சத்தைத் திருப்பிவிட தெர்மாகோல் பிடிக்க ஆள் வேண்டாம். மார்கழியில் கதை மாறிவிடும். சூரியன் தெற்கே சாய்ந்து போவதால் வெயில் வடபுறத்துத் தூண்களில் ஏறும், நிழலும் நீளும். அதே நாற்காலியில் அதே நடிகரை உட்கார வைத்தால் வேறு வீடு போலத் தெரியும். முன்பு எடுத்த காட்சியின் கண்டினியூட்டி போட்டோவை மட்டும் நம்பி, விட்டுப்போன ஷாட்டுகளை (பேட்ச் ஒர்க்) பிறகு எடுக்க வருபவர்கள் தடுமாறுவது இங்கேதான்.

சுவரும் லேசுப்பட்டதில்லை. சுண்ணாம்போடு கடுக்காய், முட்டை வெள்ளைக்கரு எல்லாம் சேர்த்து அரைத்துப் பூசி, கையால் தேய்த்துத் தேய்த்து மெருகேற்றிய சுவர். எதிரே லைட்டை வைத்தால் அதன் உருவமே சுவரில் தெரியும். புதிதாக வந்த உதவியாளர்கள் வெளிச்சத்தை மென்மையாக்கும் டிஃப்யூஷன் தாளை மேலும் மேலும் போட்டுப் பார்ப்பார்கள், அப்படியும் போகாது. லைட்டைப் பக்கவாட்டில் நகர்த்தி, கேமராவின் கோணத்தையும் ஒரு சாண் மாற்றினால் காணாமல் போய்விடும். அந்தச் சுவரைப் பகைத்துக்கொள்ளாமல் அதையே ரிஃப்ளெக்டராக எடுத்துக்கொண்டால் உள்ளறை வாசல் வரை மென்மையான வெளிச்சம் வந்து நிற்கும். வாசலைத் தாண்டினால் இருட்டு. ஒரு ஸ்டாப் என்பது வெளிச்சம் இரண்டு மடங்காவது; முற்றத்துக்கும் அறைக்கும் ஆறு ஸ்டாப் வித்தியாசம் என்றால் வெளிச்சத்தில் 64 மடங்கு. இரண்டையும் ஒரே ஷாட்டில் சமமாகக் காட்ட நினைப்பது வீட்டுக்குச் செய்யும் அநியாயம் என்பது என் கருத்து.

சீரியலில் அந்த அநியாயத்தைத் தினமும் செய்ய வேண்டியிருந்தது. ஒரு நாளில் ஒரு எபிசோடுக்கு வேண்டியது முடிந்தாக வேண்டும். இரண்டு மூன்று கேமரா ஒரே நேரத்தில் ஓடும். எல்லாக் கோணத்துக்கும் பொருந்துகிற மாதிரி வெளிச்சத்தைப் பரவலாக அடித்துவிட்டால்தான் வேலை நடக்கும். நான் ஒருமுறை பாட்டி முகத்தில் பாதியை நிழலில் விட்டு ஒரு காட்சி எடுத்தேன். "முகம் தெரியலை சார், பிரைட் பண்ணிக் கொடுங்க" என்று சேனலிலிருந்து போன் வந்துவிட்டது. அன்றைக்கு மனசு வலித்தது. ஆனால் அவர்கள் சொன்னதிலும் காரணம் இருந்தது. டியூப்லைட் எரிகிற ஹாலில், ஒரு கண் டிவியிலும் ஒரு கண் அடுப்பிலுமாகப் பார்ப்பவர்களுக்கு அந்த நிழல் கரிதான். அந்த வேகம் கற்றுக்கொடுத்ததைச் சாதாரணமாகச் சொல்லிவிட முடியாது. ஒரு முகத்தைப் பார்த்ததும் எந்தப் பக்கம் தூக்கலாக இருக்கும், எந்த உயரத்தில் லென்ஸை வைக்கலாம் என்று கை தானாகப் போகிறதே, அது சீரியல் கொடுத்த வரம்.

சினிமாவுக்குத் திரும்பியபோது சின்னச் சின்ன விஷயங்களைப் புதிதாகப் பழக வேண்டியிருந்தது. டிவிக்கு நொடிக்கு 25 பிரேம், சினிமாவுக்கு 24. நம் கரண்ட் 50 ஹெர்ட்ஸ். அதனால் பழைய சோக் போட்ட டியூப்லைட் எரிகிற இடத்தில் 24 பிரேமில் எடுத்தால் கேமரா ஷட்டரின் திறப்பை 172.8 டிகிரிக்கு மாற்ற வேண்டும், இல்லாவிட்டால் வெளிச்சம் துடிக்கும். பிலிம் காலத்தில் 400 அடி ரோல் நாலரை நிமிஷம்கூட ஓடாது. அதனால் மேகம் விலகும்வரை யூனிட் மொத்தமும் வாயை மூடிக்கொண்டு காத்திருக்கும். இப்போது மெமரி கார்டில் எவ்வளவு வேண்டுமானாலும் ஓடும், காத்திருக்கத்தான் யாருக்கும் பொறுமை இல்லை. டிஜிட்டலின் மேல் எனக்கு வருத்தம் கிடையாது. அறையின் இருட்டுக்குள் அது பார்க்கிற அளவு பழைய நெகட்டிவ் பார்த்ததில்லை. முற்றத்து வெயிலை மட்டும் கவனமாகக் காப்பாற்ற வேண்டும், ஒருதரம் வெளுத்துப் போனால் திரும்ப வராது.

இந்த மண்ணுக்கும் சினிமாவுக்கும் உள்ள பந்தம் வீடுகளை வாடகைக்கு விடுவதில் தொடங்கியதில்லை. காரைக்குடிக்காரரான ஏ.வி. மெய்யப்பச் செட்டியார் தன் ஏவிஎம் ஸ்டூடியோவை முதலில் நடத்தியது இங்கேதான். 1947-ல் வந்த ‘நாம் இருவர்’ இங்கே எடுத்த படம். 1948-ல்தான் ஸ்டூடியோ கோடம்பாக்கம் போனது. அப்படிப்பட்ட ஊருக்கு வந்து படம் எடுப்பவர்கள் கொஞ்சம் மரியாதையோடு நடந்துகொள்ள வேண்டாமா?

முக்கியமாகத் தரை. இந்த வீடுகளில் பதித்திருக்கும் ஆத்தங்குடிக் கல் சூளையில் சுட்டதில்லை. கண்ணாடிப் பலகையின் மேல் வண்ணக் கலவையைக் கையால் ஊற்றி, மேலே மணலும் சிமெண்டும் போட்டு, தண்ணீரில் ஊற வைத்து, வெயிலில் காய வைத்து எடுப்பது. நடக்க நடக்க, துடைக்கத் துடைக்க மெருகு ஏறும். கேமரா வண்டி ஓடும் டிராலி டிராக்கின் இரும்பு ஒருமுறை இழுத்துவிட்டால் அந்தக் கோடு போகாது. ஒரு வீட்டில் ஆச்சி ஒருவர் எங்கள் பின்னாலேயே நடந்து வந்து, "தம்பி, பாத்து வைங்கப்பா, எங்க மாமியா காலத்துத் தரை" என்று சொல்லிக்கொண்டே இருந்தார். அதிலிருந்து ரப்பர் மேட்டையும் பிளைவுட்டையும் நானே லிஸ்ட்டில் எழுதிக் கொடுக்கிறேன். அவை வந்து சேராத நாளில் டிராலி கேட்பதில்லை, ஸ்டாண்டில் வைத்தே ஷாட்டை முடித்துவிடுகிறேன்.