மொட்டை மாடிக்கு மேலே 198 கெல்வின்

2023 டிசம்பர் 4. மிக்ஜாம் புயல் மழையில் வேளச்சேரியில் எங்கள் தெரு இடுப்பளவு தண்ணீரில் நின்றது. வெள்ளம் வடிந்து, மின்சாரம் வந்து, வீட்டைக் கழுவி முடித்த பிறகு எனக்கு ஒரு விபரீத ஆசை. அன்று எங்கள் மொட்டை மாடிக்கு மேலே நின்ற மேகம் எவ்வளவு குளிர்ந்திருந்தது? எப்போதோ கல்லூரியில் படித்த இயற்பியலைத் தவிர என்னிடம் வேறு தகுதி இல்லை.

இஸ்ரோவின் செயற்கைக்கோள் தரவுத் தளமான மோஸ்டாக்கில் பதிவு செய்துகொண்டு, மேகங்கள் வீசும் அகச்சிவப்பு வெப்பக் கதிரை அளக்கும் வானிலைச் செயற்கைக்கோளான இன்சாட்-3டிஆரின் கோப்புகளைக் கேட்டு வாங்கினேன். அரை மணிக்கு ஒரு கோப்பு. திறந்தால் வெப்பநிலையைக் காணோம்; 0 முதல் 1023 வரையிலான வெறும் எண்கள். கதிரின் அளவிலிருந்து வெப்பநிலையைக் கணக்கிடும் பிளாங்க் சூத்திரத்தைத் தூசி தட்டி இரண்டு இரவுகள் மல்லுக்கட்டினேன். எண்ணுக்கு நேராக வெப்பநிலையைத் தரும் அட்டவணை அதே கோப்புக்குள் இருந்தது மூன்றாம் நாள்தான் கண்ணில் பட்டது. இன்னொரு கூத்து: 0600 என்றிருந்த கோப்பை விடிகாலை ஆறு மணி என்று எண்ணிக்கொண்டேன். அது கிரீன்விச் நேரம். நமக்குப் பகல் பதினொன்றரை.

ஒருவழியாக எங்கள் தெருவுக்கு மேலிருந்த பிக்சலில் 198 கெல்வின் கிடைத்தது. அதாவது கழித்தல் 75 டிகிரி செல்சியஸ். மீனம்பாக்கத்திலிருந்து விடும் வானிலை பலூன்களின் டிசம்பர் பதிவுகளில் அந்தக் குளிர் ஏறக்குறைய 15 கிலோமீட்டர் உயரத்தில்தான் வருகிறது. மேகத்தின் தலை அங்கே இருந்தது. கொட்டியதெல்லாம் எங்கள் தலையில்.

மறுநாள் மழை விட்ட பிறகும் ஒரு பிக்சல் 245 கெல்வின் காட்டியது குழப்பியது. நடுத்தர உயர மேகம் என்றே எழுதி வைத்தேன். பிறகு 11, 12 மைக்ரான் அலைநீளங்களில் பதிவான இரண்டு வெப்பநிலைகளை ஒன்றிலிருந்து ஒன்று கழித்துப் பார்த்தால் நான்கு கெல்வின் வித்தியாசம். அடர்ந்த மேகத்தில் இது ஏறக்குறைய பூஜ்யமாக இருக்கும். ஆக, அது மிக உயரத்தில் இருந்த மெல்லிய கீற்று மேகம். கீழேயிருந்து கசிந்த வெப்பமும் சேர்ந்து அதைச் சூடாகக் காட்டியிருக்கிறது. 245 கெல்வினில் அங்கே எந்த மேகமும் இல்லை!

அடுத்து, புயலுக்குள் காற்றின் வெப்பநிலையை அடுக்கடுக்காகப் பார்க்கும் பேராசை. அதற்கு நாசாவின் அக்வா செயற்கைக்கோளில் 2002 முதல் சுற்றும் ஏர்ஸ் கருவி இருக்கிறது. 2,378 அகச்சிவப்பு அலைவரிசைகள். கரியமில வாயு 15 மைக்ரான் அருகே கதிரைப் பலமாக விழுங்குவதால் அங்கே உயரத்துக் காற்று மட்டுமே தெரியும். அலைநீளத்தைச் சற்று நகர்த்தினால் விழுங்கல் குறைந்து, கீழ் அடுக்குகள் ஒவ்வொன்றாகத் தெரியவரும். இந்த ஏற்பாட்டின் அழகில் நான் மயங்கியே போனேன்.

மயக்கம் தெளிய ஒரு மாலை போதும். வெப்பநிலை ஒவ்வொன்றுக்கும் ஒரு தரக்குறி உண்டு: 0 என்றால் நம்பலாம், 2 என்றால் தொடாதே. புயலின் அடர்மேகத்துக்குக் கீழே வரிசையாக 2, 2, 2. கெட்டியான மேகத்தை அகச்சிவப்புக் கதிர் ஊடுருவாது.

மைக்ரோவேவ் கதிர் மேகத்தை ஓரளவு ஊடுருவும் என்பதால், இப்போது மைக்ரோவேவ் கோப்புகளை இறக்கிக்கொண்டிருக்கிறேன். அவையும் கிரீன்விச் நேரத்தில்தான் இருக்கின்றன. இம்முறை அதைத்தான் முதலில் பார்த்தேன்.