தபாலில் வந்த வீட்டு பிளான்

மூன்றாவது தடவை பிளானில் திருத்தம் கேட்டதற்கு எங்கள் இன்ஜினியர் முகத்தைத் தூக்கி வைத்துக்கொண்டார். எனக்கு உடனே ஜார்ஜ் பார்பர் என்ற பழைய கட்டடக்கலைஞர் ஞாபகம் வந்தது.

1854-இல் அமெரிக்காவின் இல்லினாயில் பிறந்தவர். கட்டடக்கலையைப் பெரும்பாலும் தானாகவே புத்தகம் பார்த்துக் கற்றுக்கொண்டவர். 1888-இல் டென்னசியின் நாக்ஸ்வில்லுக்குக் குடிபெயர்ந்தார். அங்கே சூடுபிடித்ததுதான் தபால் வியாபாரம். கேட்லாக்கைப் பார்த்து வீட்டைத் தேர்ந்தெடுத்துப் பணம் அனுப்பினால் வரைபடம் வீடு தேடி வரும். உள்ளூர்த் தச்சர்கள் அதைப் பார்த்துக் கட்டிக்கொள்ள வேண்டியதுதான்.

வீடுகளும் சும்மா இல்லை. மூலையில் ஒரு கோபுரம், வளைந்து சுற்றிவரும் வராந்தா, கடைந்தெடுத்த மரத்தூண்கள், இடம் விடாமல் மரவேலைப்பாடு. கொஞ்சம் ஓவர்தான், ஆனாலும் எனக்குப் பிடிக்கும். நாட்டின் மேற்குக் கோடியில் ஓரிகன் மாநிலத்து ஜாக்சன்வில்லில் இவர் பிளானை வைத்து 1892-இல் எழும்பிய நூனன் வீடு இன்னும் நிற்கிறது. நாக்ஸ்வில் எங்கே, ஓரிகன் எங்கே!

நான் சொல்ல வந்தது வேறு. அந்த கேட்லாக்கிலேயே மனுஷன் அச்சடித்து வைத்திருந்தார்: மாற்றம் வேண்டுமென்றால் எழுதுங்கள், நினைத்தது கிடைக்கும்வரை எழுதிக்கொண்டே இருங்கள், நாங்கள் லேசில் கோபித்துக்கொள்ள மாட்டோம் என்று.

சரி, நாலாவது திருத்தத்தை இப்போதுதான் வாட்ஸ்அப்பில் அனுப்பினேன். ப்ளூ டிக் வந்துவிட்டது. பதில் வரவில்லை.