படத்தில் நார்மல், ஓரத்தில் கிழிசல்

கிளினிக்கில் எடுத்த கண் படத்தின் கீழே ‘நார்மல்’ என்று எழுதிக் கொடுத்துவிட்டார்கள். ஆனால் இருட்டில் கண்ணைத் திருப்பினால் ஓரத்தில் மின்னல் வெட்டுவது நிற்கவில்லை. மொத்தம் மூன்று பயணம், அதில் இரண்டு வீண். மூன்றாவதில்தான் விழித்திரையின் விளிம்பில் கிழிசல் இருப்பதைக் கண்டுபிடித்து அன்றைக்கே லேசர் வைத்தார்கள். எஸ்டேட் டவுனிலிருந்து விடியற்காலை பஸ் பிடித்துப் பெரிய ஆஸ்பத்திரிக்குப் போகிறவர்களுக்கு இரண்டு பயணம் வீண் என்றால் இரண்டு நாள் சம்பளம் போச்சு. அதனால் எங்கெங்கே சறுக்கியது என்பதை எழுதி வைக்கிறேன்.

முதல் சறுக்கல், கிளினிக்கிலிருந்து பெரிய ஆஸ்பத்திரிக்கு எழுதிக் கொடுக்கும் கடிதத்தில். என்ன பிரச்சினை என்று கவுண்டரில் கேட்டதும் ‘மாத்தா காபூர்’, கண் மங்கல் என்று சொல்லிவிடுகிறோம். கண் தொல்லை எதுவானாலும் நம் வாய்க்கு முதலில் வருகிற மலாய் அதுதான். அது அப்படியே கடிதத்தில் ஏறிவிட்டது. ஆஸ்பத்திரியில் கடிதத்தைப் பார்த்துத்தான் யாரை முதலில் கூப்பிடுவது என்று பிரிக்கிறார்கள். வெறும் மங்கல் என்றால் புரையாகவோ கண்ணாடிப் பவராகவோ இருக்கும் என்று தேதியைத் தள்ளிப் போட்டுவிடுவார்கள். சொல்லியிருக்க வேண்டியது ‘நம்பாக் கிலாட்’, மின்னல் தெரிகிறது என்று. கூடவே எந்தக் கண், எந்தத் தேதியிலிருந்து, கறுப்புப் புள்ளிகள் திடீரென்று கூடினவா என்பதும் கடிதத்தில் வர வேண்டும். மைனஸ் 6க்கு மேல் பவர், முன்பு செய்த புரை ஆபரேஷன், கண்ணில் பட்ட அடி, குடும்பத்தில் யாருக்காவது விழித்திரை பெயர்ந்தது, இதையெல்லாம் அவர்கள் கேட்காவிட்டாலும் சொல்லி எழுத வையுங்கள். ஓரத்திலிருந்து திரை இறங்குகிற மாதிரி நிழல் தெரிந்தால் கடிதம், தேதி எதற்கும் காத்திருக்க வேண்டாம். அன்றே அவசரப் பிரிவுக்குப் போய்விடுங்கள். நிழல் நடுப்பார்வையைத் தொடுவதற்குள் ஆபரேஷன் நடப்பதற்கும் தொட்டபின் நடப்பதற்கும் பலன் வேறு.

இனி அந்த ‘நார்மல்’ படம். வயிறு எரிந்தது உண்மை. ஆனாலும் கேமராவைத் திட்டிப் பிரயோஜனமில்லை. நீரிழிவுக்காரர்களுக்குக் கிளினிக்கில் எடுக்கும் வழக்கமான படம் சுமார் 45 டிகிரி அளவுக்குத்தான் பிடிக்கும். நரம்பும் நடுப்பகுதியும் அதில் நன்றாக வரும், இரத்தக்கசிவு தெரியும். கிழிசலும் ஓட்டையும் வருவது பெரும்பாலும் விளிம்புக்குப் பக்கத்தில், அந்தப் படத்தின் எல்லைக்கு வெகு வெளியே. அந்தப் படத்துக்கு ‘நார்மல்’ என்றால் நடுப்பகுதி நார்மல் என்றுதான் பொருள். இதை ஒருவர் வாய்விட்டுச் சொல்லியிருந்தால் ஒரு வாரம் மிச்சமாகியிருக்கும்.

இரண்டாவது பயணம் வீணானதற்குக் காரணம் மோட்டார் சைக்கிள். தனியாக மோட்டாரில் வந்திருப்பது தெரிந்ததும் கண்ணை விரிக்கும் மருந்தை ஊற்ற மறுத்துவிட்டார்கள். அவர்கள் செய்தது சரிதான். மருந்து போட்டால் நான்கிலிருந்து ஆறு மணி நேரம் வெளிச்சம் கூசும், கிட்டத்தில் இருக்கும் எழுத்து தெரியாது. விரிக்காமல் ஓரத்தை முழுதாகப் பார்க்கவும் முடியாது. கூட ஒருவரைக் கூட்டிப் போங்கள், தொப்பியோ கறுப்புக் கண்ணாடியோ எடுத்துக்கொள்ளுங்கள். நம்மைப் போன்ற கருங்கண்களில் மருந்து மெதுவாகத்தான் வேலை செய்யும். அரை மணி நேரத்தில் விரியாவிட்டால் இரண்டாம் முறை ஊற்றுவார்கள், பயப்பட ஒன்றுமில்லை. கண் அழுத்த நோய் இருப்பதாக முன்பே யாராவது சொல்லியிருந்தால் மருந்து விடுவதற்கு முன்னால் வாயைத் திறந்து சொல்லிவிடுங்கள். காண்டாக்ட் லென்ஸ் போடுகிறவர்கள் கண்ணாடியையும் கொண்டு போங்கள்.

வைட்பீல்டு படம், அதாவது விழித்திரையை ஓரம்வரை அகலமாகப் பிடிக்கும் படம், எடுக்க ஒரு நிமிடம்கூட ஆகாது. முகத்தை மெஷினின் வாயில் நன்றாக அழுத்தி வைக்க வேண்டும். அதில்தான் பாதிப் படம் கெடுகிறது, கொஞ்சம் தள்ளி வைத்தாலே சுற்றிலும் கறுப்பு வளையம் விழும். ஆப்டோஸ் மாதிரி மெஷின் ஒரே சொடுக்கில் சுமார் 200 டிகிரி, அதாவது விழித்திரையின் பரப்பில் ஏறக்குறைய 82 சதவிகிதம் வரை பிடிக்கும். படம் பச்சையும் ஆரஞ்சுமாக வரும். அது சிவப்பு, பச்சை லேசர்களைக் கலந்து உண்டாக்கிய நிறம், உங்கள் கண்ணுக்குள் ஒன்றும் பச்சை பிடிக்கவில்லை. கீழே மங்கலாக விசிறி போல் நிற்கும் கறுப்புக் கோடுகள் உங்கள் இமை முடி.

அந்த இமைதான் இங்கே வில்லன். மேலும் கீழும் இமை மறைக்கும். கிழிசல் அதிகமாக வருகிற இடமோ மேற்பகுதியின் வெளிப்புறம். நேராகப் பார்த்து எடுத்த ஒரு படத்தோடு எழுந்து வந்துவிடாதீர்கள். மேலே, கீழே, இடம், வலம் பார்க்கச் சொல்லி எடுக்கிறார்களா என்று கவனியுங்கள், இல்லையென்றால் கேளுங்கள். உதவியாளர் பஞ்சுக் குச்சியால் இமையைத் தூக்கிப் பிடித்தால் தாராளமாகப் பிடிக்க விடுங்கள். எங்களுக்கு நேர்ப்பார்வைப் படத்தில் லேட்டிஸ் எனப்படும் மெலிந்த திட்டு மட்டும் விழுந்தது. கிழிசல் விழவில்லை.

அது சிக்கியது டாக்டர் அழுத்திப் பார்த்தபோதுதான். நெற்றியில் விளக்கு, கையில் லென்ஸ், நம்மைப் படுக்க வைத்து இமைக்கு மேலிருந்து சின்னக் கருவியால் அழுத்துவார். விளிம்பு உள்ளே எழும்பிக் கண்ணுக்குப் படும். வலி என்று சொல்ல முடியாது, ஆனால் சுகமும் இல்லை. மூச்சை அடக்காமல் சொன்ன திசையில் பார்த்தால் சீக்கிரம் முடியும். பதினோரு மணித் திசையில் குதிரை லாடம் போல் ஒரு கிழிசல். அப்படியானால் வைட்பீல்டு எதற்கு? எங்கே சந்தேகம் என்று காட்டும், அடுத்த முறை ஒப்பிட ஆதாரமாக இருக்கும், விரிக்க முடியாத அவசரத்தில் கைகொடுக்கும். மின்னல் வெட்டுகிற கண்ணுக்கு அது மட்டும் போதாது.

‘லேட்டிஸ்’ என்ற சொல்லைக் கேட்டுக் கலங்க வேண்டாம். நூறு பேரில் ஆறிலிருந்து பத்துப் பேருக்கு அது உண்டு, பெரும்பாலோருக்குக் கடைசிவரை ஒன்றும் ஆகாது. அறிகுறி இல்லாத லேட்டிஸுக்கு வழக்கமாக லேசர் வைப்பதில்லை, கண்காணிப்புதான். தொல்லையோடு வந்த லாடக் கிழிசல் வேறு கணக்கு. கண்ணுக்குள் இருக்கும் கூழ் அதை இழுத்துக்கொண்டே இருக்கும், கிழிசல் வழியாக நீர் உள்ளே நுழைந்தால் விழித்திரை உரிந்துவிடும்.

லேசர் ஒரு வரியில் முடிகிற விஷயம்: மரப்பு மருந்து, கிழிசலைச் சுற்றி மூன்று வரிசைப் பொட்டு, அரை மணி நேரத்துக்குள் வெளியே. பொட்டு இறுகப் பத்திலிருந்து பதினான்கு நாள் பிடிக்கும். செம்பனைக் குலை வெட்டுகிறவர்கள் தங்கள் வேலை இன்னதென்று டாக்டரிடம் விளக்கிச் சொல்லி, எத்தனை நாள் அரிவாள் கோலைத் தொடக் கூடாது என்று கேட்டு எம்சியில், அதாவது மருத்துவ விடுப்புச் சீட்டில், எழுதி வாங்குங்கள். ‘எஸ்டேட் வேலை’ என்று மட்டும் சொன்னால் இரண்டு நாள்தான் கிடைக்கும். பார்வை கூடும் என்றும் மிதக்கும் புள்ளிகள் மறையும் என்றும் எதிர்பார்க்காதீர்கள், லேசர் அதற்கில்லை.

மட்டையோ குலையோ கண்ணில் அடித்தவர்களுக்கு இன்னொரு எச்சரிக்கை. அடியில் விழித்திரை விளிம்போடு பிரிந்து போகலாம், அது மெதுவாகத்தான் பெயரும், பல மாதம் ஒன்றும் தெரியாது. வீக்கம் வற்றியதும் ஒரு தடவை விரித்து அழுத்திப் பார்க்கச் சொல்லுங்கள்.

மறு கண்ணையும் அதே நாளில் பார்க்கச் சொல்லுங்கள், திரும்ப ஒரு பஸ் மிச்சம். கிழிசல் இல்லை என்று அனுப்பினாலும் நான்கிலிருந்து ஆறு வாரத்தில் மறு தேதி வாங்காமல் கவுண்டரை விட்டு நகராதீர்கள். புதுக் கிழிசல் அந்த இடைவெளியில் வருவதுண்டு.