சுண்டுவிரல்

ஏப்ரல் 28, 2025, திங்கள்
வார்ப்புச் சிலைக்கான மெழுகு அம்பாளின் இடது கையைத் தொடங்கினேன். லோல ஹஸ்தம், தொங்கும் கை. பசுவின் வால் போலத் தோளிலிருந்து தானாக இறங்க வேண்டும். ஓலை நறுக்கை மடித்து மடித்து இரண்டு தரம் அளந்துவிட்டேன். மத்திம தசதாலம், அதாவது சிலையின் உயரமே 120 பங்கு, ஒரு பங்கு ஓர் அங்குலம். கணக்கில் பிசகில்லை. கைதான் நடுங்குகிறது.

ஏப்ரல் 30
வெயில். மெழுகு நிற்கவே இல்லை.

மே 2
தேன்மெழுகில் குங்கிலியத்தைக் கூட்டி, கடலை எண்ணெயைக் குறைத்துக் காய்ச்சினோம். அப்பா சொல்லிக்கொடுத்த கோடைப் பதம். இப்போது விறைப்பாக நிற்கிறது. ஆனால் சுண்டுவிரல் இரண்டு முறை ஒடிந்துவிட்டது.

"விரலை நான் பார்த்துக்கிறேன்ப்பா, நீங்க முகத்தைப் பாருங்க" என்றான் பெரியவன். நல்ல கை அவனுக்கு. கொடுக்க எனக்குத்தான் மனம் வரவில்லை. சற்றே வெளியே வளையும் அந்த விரலில்தான் கை உயிரோடு இறங்குகிறதா, சோர்ந்து தொங்குகிறதா என்பது தெரியும். இரண்டுக்கும் நடுவே ஒரு யவை, அங்குலத்தில் எட்டில் ஒரு பங்கு. வார்த்த பிறகு உளியால் எடுக்கலாம், சேர்க்க முடியாது. மெழுகில் குறைந்தால் குறைந்ததுதான்.

மே 4
அக்கினி நட்சத்திரம். சுவாமிமலைக் கோயிலுக்குச் சாமியைப் பார்க்கப் போனேன். தமிழ் வருஷத்துக்கு ஒன்றாக 60 படி, 25ஆவதில் உட்கார்ந்துவிட்டேன். நான் பிறந்த கர வருஷத்துப் படி.

மே 5
வியாழக்கிழமை ஆபரேஷன். வலது கண்ணில் புரை முற்றிவிட்டதாம். அடுப்புப் புகை, தூசி ஒரு மாதத்துக்கு ஆகாது என்கிறார் டாக்டர். அதுவரை அம்பாள் மெழுகு இளகாமல் தண்ணீரிலேயே கிடக்க வேண்டுமா? அது போகட்டும். இந்தக் கண் சரி என்று சொன்ன விரலை, அந்தக் கண் என்ன சொல்லும்? ராத்திரி முழுக்க இதே நினைப்பு.

மே 7
மூன்று மணிக்கே எழுந்து உட்கார்ந்தேன். நடுக்கத்தோடு மல்லுக்கட்டவில்லை. முழங்கையைத் தொடையில் ஊன்றிக்கொண்டு, மூச்சை விட்டு அடுத்த மூச்சு இழுப்பதற்குள் ஒரு தீற்று. அவ்வளவுதான். விரல் நின்றது.

பெரியவனை எழுப்பிக் காட்டினேன். விளக்கை இந்தப் பக்கம், அந்தப் பக்கம் பிடித்துப் பார்த்தான். ஒன்றும் பேசவில்லை. என் கால்மாட்டில் உட்கார்ந்துகொண்டான். சந்தோஷமாக இருக்கிறது.

மே 8
வண்டி வந்துவிட்டது. பெரியவனிடம் சொன்னேன்: தண்ணீரைக் காலையும் மாலையும் மாற்றணும். நான் வரும்வரை மெழுகின் மேல் வார்ப்பு அச்சுக்கான வண்டல் பூசக் கூடாது.

மே 10
கட்டுப் பிரித்தாயிற்று. வீட்டுக்கு வந்ததும் பட்டறைக்குத்தான் போனேன். தண்ணீர் ஏமாற்றுமே என்று வெளியே எடுத்தும் பார்த்தேன்.

விரல் சரி. மணிக்கட்டு அரை யவை கனம்.