சின்போ 34333

மார்ச் 3
அப்பாவுக்குச் சதை எடுத்துச் சோதனைக்கு அனுப்பியாயிற்று. பத்து நாள் ஆகுமாம். வீட்டுக்கு வந்ததும் அப்பா பரணிலிருந்து தகரப்பெட்டியை இறக்கச் சொன்னார். உள்ளே க்யூஎஸ்எல் அட்டைகள்: லண்டன், மாஸ்கோ, பீஜிங். ஒலிபரப்பு எப்படிக் கேட்டது என்று அவர் போட்ட கடுதாசிகளுக்கு ரேடியோ நிலையங்கள் அனுப்பிய பதில். மர்ஃபி ரேடியோவின் திருகில் அவர் சுற்றிவைத்த நூல் இன்னும் இருக்கிறது.

மார்ச் 4
ரேடியோ கேட்கிறவர்கள் ஒலிக்குப் போடும் மார்க்தான் சின்போ. ஐந்து இலக்கம்: ஒலி பலம், குறுக்கீடு, இரைச்சல், அலையின் ஏற்ற இறக்கம், மொத்தம். ஒவ்வொன்றிலும் ஐந்து நல்லது, ஒன்று மோசம்.
இன்று அப்பா: 34333.

மார்ச் 5
சித்தப்பா வாட்ஸ்அப்பில் ஒரு வைத்தியரின் குரலை அனுப்பியிருக்கிறார். "ஐயா, நீங்க பயப்படவே வேணாம்" என்று ஆரம்பிக்கிறது. அப்பா மூன்று தரம் போட்டுக் கேட்டார்.

மார்ச் 6
தூக்கம் வரவில்லை. மறுபடியும் பிரிங்க்லியைப் பற்றிப் படித்தேன், அந்தக் காலத்து அமெரிக்க ரேடியோ டாக்டர். கான்சாஸில் மில்ஃபோர்டு என்ற சின்ன ஊர். ஆட்டுக்கிடாயின் விதையை ஆண்களின் உடம்பில் வைத்துத் தைப்பார், 750 டாலர். 1923ல் சொந்தமாக ரேடியோ நிலையமே வைத்துக்கொண்டார். நோயாளிகளின் கடிதங்களை மைக்கில் வாசித்து, மருந்தின் பெயருக்குப் பதில் நம்பர் சொல்வார். கேட்டவர்கள் ஊர்க் கடையில் அந்த நம்பரைச் சொல்லி வாங்குவார்கள். பாட்டிலுக்கு ஒரு டாலர் அவருக்குப் போகும். நாடி பிடிக்கவில்லை, நாக்கை நீட்டச் சொல்லவில்லை. 1930ல் ரேடியோ லைசென்ஸும் மருத்துவ லைசென்ஸும் பறிபோயின. அதே வருஷம் கவர்னர் தேர்தலில் நின்றார். சீட்டில் பெயர் கிடையாது. ஜனங்கள் கையால் எழுதிப் போட வேண்டும். 1,80,000 பேருக்கு மேல் எழுதினார்கள். தோற்றார்தான். ஆனால் அத்தனை பேர் பேனாவை எடுத்திருக்கிறார்கள்.

மார்ச் 7
34232. ராத்திரி வலி.

மார்ச் 9
அப்பாவிடம் பிரிங்க்லியின் மிச்சக் கதையைச் சொன்னேன். 1931ல் ரியோ கிராண்டே ஆற்றைத் தாண்டி, மெக்சிகோவின் வில்லா அகூன்யாவில் புது நிலையம். அமெரிக்காவில் 50 கிலோவாட்தான் உச்சவரம்பு. இங்கே பிற்பாடு 500 ஆக்கினார். அப்பா நிமிர்ந்து உட்கார்ந்தார். "ஐநூறா! பக்கத்து ஸ்டேஷனையெல்லாம் முழுங்கியிருப்பானேம்மா. குறுக்கீட்டுக்கு ஒண்ணுதான் போடணும்." ஆட்டு விதை அவர் காதில் ஏறவே இல்லை.
தமிழ் ஒலிபரப்பையும் லண்டன் பிபிசிக்காரன் 1941ல் யுத்தத்துக்கு நடுவில்தானே ஆரம்பித்தான் என்றேன். கோபம் வந்துவிட்டது. "பிரசாரம்னு தெரிஞ்சுதான் கேட்டேன். லண்டனையும் கேட்டேன், மாஸ்கோவையும் கேட்டேன். ரெண்டையும் வச்சு நானே கணக்குப் போட்டுக்குவேன்."
"இந்த வைத்தியருக்கு எதிர் ஸ்டேஷன் எதுப்பா?"
சுவர் பக்கம் திரும்பிப் படுத்துக்கொண்டார். கேட்டிருக்கக் கூடாது.

மார்ச் 10
24222.

மார்ச் 11
கூரியரில் பொடி வந்தது. பழுப்பு நிறம், ஓம வாசனை, பாக்கெட்டின் வாயில் இரண்டு ஸ்டேப்ளர் பின். சித்தப்பாதான் வாங்கினார் என்று அப்பா நினைத்துக்கொண்டிருக்கிறார். ஜிபேயில் 2,400 ரூபாய் அனுப்பியது நான். ஆறாம் தேதி, விடியற்காலை மூன்றரைக்கு, பிரிங்க்லியைப் படித்து முடித்த கையோடு. அந்தக் குரல் நன்றாகத்தான் இருந்தது.

மார்ச் 12
பாக்கெட்டை இன்னும் பிரிக்கவில்லை. அரிசி டப்பாவுக்குப் பின்னால் இருக்கிறது.
பிரிங்க்லி 1941ல் திவால், 1942ல் செத்தார். அப்பாவிடம் அதைச் சொல்லவில்லை.

மார்ச் 13
லேபிலிருந்து போன். நேரில் வரச் சொல்கிறார்கள். அப்பா சட்டை மாற்றிக்கொண்டிருக்கிறார், பாக்கெட்டில் பழைய லண்டன் அட்டை ஒன்று. எதற்கு என்று நான் கேட்கவில்லை. ஆட்டோ வந்துவிட்டது.